ஐந்து இதயங்கள் கொண்ட வட்டம்: நம் வீட்டு அடுப்பில் நார்வே வாஃபிள்

நம் நாட்டுப் பெருநகரங்களின் வணிக வளாகங்களில் இன்று வாஃபிள் விற்காத தளம் அரிது. தடித்த சதுர வடிவம், ஆழ்ந்த குழிகள், அவற்றில் வழிய வழிய ஊற்றப்பட்ட சாக்லேட் குழம்பு: வாஃபிள் என்றதும் நம் பிள்ளைகள் அறிந்த உருவம் இதுவே. இது பெரும்பாலும் பெல்ஜிய மரபைத் தழுவியது. ஐரோப்பாவின் வடகோடியில் உள்ள நார்வே நாட்டில் வாஃபிள் முற்றிலும் வேறொரு பண்டம். அது மெல்லியது, மென்மையானது, கையால் மடித்து உண்ணத்தக்கது. ஐந்து இதய வடிவங்கள் நுனிகள் நடுவில் கூடி, ஒரு மலரைப் போல் வட்டமாக அமைந்திருக்கும். அதன் மணமோ நமக்கு மிகவும் பழகிய மணம்: ஏலக்காய்.

நார்வேயின் ஸ்டாவாங்கர் நகரில் பணிபுரியும் உறவினர் ஒருவர் சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் இல்லத்திற்கு ஒரு வாஃபிள் அச்சினைக் கொண்டுவந்து தந்தார். அன்று முதல் மாதம் ஒருமுறையேனும் அதைப் பயன்படுத்தி வருகிறோம். அந்தப் பழக்கத்தில் கற்றவற்றையும், அப்பண்டத்தின் பின்னே உள்ள வாழ்க்கையைக் குறித்து அறிந்தவற்றையும் வாடிக்கையாளர்களாகிய உங்களுடன் பகிர்ந்துகொள்ள விழைகிறோம்.

பெயரும் நாளும்

வாஃபிள் என்னும் சொல்லின் வேர் தேன்கூட்டைக் குறிக்கும் பழஞ்சொல்லோடு தொடர்புடையது. அச்சின் கட்டங்களைப் பார்த்தால் பெயரின் பொருத்தம் விளங்கும். நீண்ட கைப்பிடிகள் கொண்ட இரண்டு இரும்புத் தகடுகளுக்கிடையே மாவை ஊற்றி நெருப்பில் காட்டிச் சுடும் வழக்கம் இடைக்கால ஐரோப்பாவிலேயே இருந்தது. பின்னர் விறகடுப்பின் மேல் வைத்துத் திருப்பும் வார்ப்பிரும்பு அச்சுகள் வந்தன. இன்று பெரும்பாலான நார்வே வீடுகளில் இருப்பவை மின்சார அச்சுகள். கருவி மாறினும் இதய வடிவம் மாறவில்லை.

மார்ச் 25ஆம் நாள் ஸ்காண்டிநேவிய நாடுகளில் வாஃபிள் நாள். இதன் தோற்றம் சுவையானது. கிறிஸ்துமஸுக்குச் சரியாக ஒன்பது மாதங்களுக்கு முன்வரும் அந்நாள், மரியாளுக்கு இறைத்தூதர் நற்செய்தி சொன்ன திருநாள். சுவீடன் மொழியில் அதன் பெயர் ‘வோர்ஃப்ருடாகென்’, அதாவது ‘நம் அன்னையின் நாள்’. பேச்சு வழக்கில் அது ‘வோஃபெல்டாகென்’ என்று மருவியது; அச்சொல்லுக்கு ‘வாஃபிள் நாள்’ என்று பொருள். நாவின் பிழையால் ஒரு திருநாள் தின்பண்ட நாளாயிற்று. நார்வே மக்களும் அதனை மகிழ்வோடு ஏற்றுக்கொண்டனர்.

ஊர் கூடிச் சுடும் பண்டம்

நார்வே மொழியில் ‘டுக்னாட்’ என்றொரு சொல் உண்டு. கூலி பெறாமல் ஊரார் கூடிச் செய்யும் பொதுப்பணியை அது குறிக்கும். 2004ஆம் ஆண்டில் அந்நாட்டின் தேசியச் சொல்லாக மக்கள் தேர்ந்தெடுத்தது இச்சொல்லையே. குடியிருப்பின் முற்றத்தைப் பெருக்குவது, பள்ளியின் சுவருக்கு வண்ணம் பூசுவது, விளையாட்டுக் கழகத்தின் மைதானத்தைச் சீர்செய்வது ஆகிய யாவும் டுக்னாட்டே. ஊர் கூடித் தேர் இழுத்த மரபில் வந்த நமக்கு அதன் பொருளை விரித்துரைக்க வேண்டியதில்லை.

அந்தப் பொதுப்பணிக்கு நிதி திரட்டும் எளிய வழியாக வாஃபிள் விளங்குகிறது. பிள்ளைகளின் கால்பந்துப் போட்டி நடக்கும் மைதானத்தின் ஓரத்தில் ஒரு மேசை. அதன்மேல் இரண்டு மூன்று மின் அச்சுகள். வீட்டிலிருந்து வாளியில் கரைத்துக் கொண்டுவந்த மாவு. மாவை வார்ப்பவர்கள் அப்பிள்ளைகளின் பெற்றோர். விற்றுவரும் தொகை பள்ளி இசைக்குழுவின் சீருடைக்கோ, அணியின் பயணச் செலவுக்கோ சேரும். வணிகவியல் பயின்ற எங்களுக்கு இந்த ஏற்பாட்டில் ஒரு தனி ஈர்ப்பு உண்டு. மூலதனம் மிகக் குறைவு. உழைப்புக்குக் கூலி இல்லை. வாங்குபவர், விற்பவர், பயன்பெறுபவர் மூவரும் ஒரே ஊரினர். அடுக்குமாடிக் குடியிருப்புச் சங்கங்களிலும் பள்ளி விழாக்களிலும் நாமும் மேற்கொள்ளத்தக்க முறை இது.

உள்ளூரில் மட்டுமின்றி, கடல் கடந்தும் வாஃபிள் இப்பணியைச் செய்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் நார்வேயின் வணிகக் கப்பல்கள் உலகின் பல துறைமுகங்களுக்கும் சென்றுவந்தன. வீட்டைப் பிரிந்து மாதக்கணக்கில் கடலில் வாழ்ந்த மாலுமிகளுக்காக 1864ஆம் ஆண்டில் பெர்கன் நகரில் ஓர் அமைப்பு தொடங்கப்பட்டது. அயல்நாட்டுத் துறைமுகங்களில் அது நிறுவிய மாலுமிகள் தேவாலயங்கள் வழிபாட்டு இடங்களாகவும், தாய்மொழி ஒலிக்கும் இல்லங்களாகவும் இருந்தன. இன்று மாலுமிகளைக் காட்டிலும் மாணவர்களும் பயணிகளும் அங்கே மிகுதியாக வருகின்றனர். எனினும், வருவோரைக் காப்பியும் வாஃபிளும் தந்து வரவேற்கும் வழக்கம் அங்கே நிலைத்திருக்கிறது.

வீணாகும் நீரிலிருந்து ஒரு பள்ளத்தாக்கின் வரவு

நார்வே வாஃபிளின் உற்ற துணை ‘புரூனுஸ்ட்’ எனப்படும் பழுப்புப் பாலாடைக்கட்டி. பாலைத் திரித்துக் கட்டியை எடுத்தபின் எஞ்சும் தெளிந்த நீரை, அதாவது நாம் பன்னீர் செய்தபின் பெரும்பாலும் கொட்டிவிடும் நீரை, மணிக்கணக்கில் காய்ச்சிச் சுண்டவைத்தால் அதிலுள்ள பால் சர்க்கரை பழுத்துப் பழுப்பு நிறம் பெறும். அதுவே இந்தக் கட்டியின் அடிப்படை. அதன் சுவை சற்று உப்புக் கலந்த திரட்டுப்பாலை நினைவூட்டும்.

இந்த நீரைச் சுண்டவைக்கும் வழக்கம் பழமையானதே. ஆனால் 1863ஆம் ஆண்டில் குட்பிரான்ஸ்டாலன் பள்ளத்தாக்கில், மலை மேய்ச்சல் நிலத்துப் பால்பண்ணையில் பணிசெய்த ஆன்னே ஹோவ் என்னும் இளம்பெண், சுண்டிவரும் நீரில் பாலேட்டையும் சேர்த்துப் பார்த்தார். மெலிந்த பண்டம் கொழுமையும் வழவழப்பும் பெற்றது; விலையும் உயர்ந்தது. தானிய விலை சரிந்து உழவர்கள் இடருற்ற காலத்தில், அப்பள்ளத்தாக்கைக் கைதூக்கிவிட்ட பண்டம் என்று அது போற்றப்படுகிறது. 1933ஆம் ஆண்டில், தம் 87ஆம் வயதில், ஆன்னே ஹோவ் நார்வே அரசரின் நற்பணிப் பதக்கம் பெற்றார். கழிவெனக் கருதப்பட்ட ஒன்றில் மதிப்பைக் கண்ட அப்பெண்மணியின் கதையைத் தொழில்முனைவோர் கூட்டங்களில் நாங்கள் பலமுறை எடுத்துரைத்ததுண்டு.

இந்தக் கட்டியை மெல்லிய ஏடுகளாகச் சீவ ஒரு தனிக் கருவியும் உண்டு. லில்லேஹாமர் நகரத் தச்சர் தூர் பியர்க்லுண்ட், மரம் இழைக்கும் இழைப்புளியைப் பார்த்து அதனை வடிவமைத்தார். 1925ஆம் ஆண்டில் காப்புரிமை பெற்றார். இன்று அது நார்வே வீடுகளின் அன்றாடக் கருவி.

‘வெண்ட்’ என்றால் பொறு

நாங்கள் பணியாற்றிய மும்பைக் கிளை ஒன்றுக்கு முதிய தம்பதியர் ஒருவர் வைப்புத்தொகையைப் புதுப்பிக்க வருவது வழக்கம். அவர்களுடைய மகன் குடும்பத்துடன் நார்வேயில் வாழ்கிறார். ஒரு முறை அந்த அம்மையார் கையொப்பமிட்டுக்கொண்டே சொன்னார்: “சார், வருகிற கோடை விடுமுறைக்குப் பேத்தி வருகிறாள். ஏழு வயது. போன தடவை வந்தபோது எங்களோடு ஒட்டவே இல்லை. அவளுக்குத் தமிழ் வரவில்லை. எனக்கு அவள் பேச்சு புரியவில்லை. இந்தத் தடவையும் அப்படியே திரும்பிப் போய்விடுவாளோ என்று பயமாக இருக்கிறது.”

அவர் குரலில் இருந்த அச்சம் சிறிதன்று. அயல்நாட்டில் பேரப்பிள்ளைகள் உள்ள பெற்றோர் பலர் வாய்விட்டுச் சொல்லாத அச்சம் அது. பணம் நொடியில் நாடு கடந்து வந்துவிடுகிறது; உறவு அவ்வாறு வருவதில்லை. “அவளுக்கு என்ன பிடிக்கும், அம்மா?” என்று கேட்டோம். “வாஃபெல் என்று ஏதோ சொல்வாள் என்று மருமகள் சொன்னாள்” என்றார். எங்கள் வீட்டில் நாங்கள் பின்பற்றும் அளவுகளை ஒரு தாளில் எழுதித் தந்தோம். அச்சினை மகனே வரும்போது கொண்டுவரட்டும் என்றும் கூறினோம்.

விடுமுறை முடிந்தபின் தம்பதியர் மீண்டும் வந்தனர். தோசை வார்த்துப் பழகிய கை அல்லவா? மாவை ஊற்றிய சிறிது நேரத்திலேயே பாட்டி அச்சைத் திறக்க முயன்றிருக்கிறார். பேத்தி ஓடிவந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டு, “வெண்ட்! வெண்ட்!” என்றிருக்கிறாள். நார்வே மொழியில் அதற்குப் ‘பொறு’ என்று பொருள். மறுநாள் தோசைக்கல்லின் அருகே நின்ற பேத்தி, அடங்காமல் கரண்டியை நீட்டியபோது, பாட்டி “பொறு, பொறு” என்றிருக்கிறார். ஆறு வார விடுமுறையில் இருவரும் ஒருவருக்கொருவர் கற்பித்த முதற்சொல் இதுதான். அது கடைசிச் சொல்லாகவும் இருக்கவில்லை. ஏலக்காய் இடிக்கும் பொறுப்பு பேத்தியுடையது. அச்சில் வெண்ணெய் தடவும் பொறுப்பும் அவளுடையதே. “இப்போது வாரந்தோறும் தொலைபேசியில் அவளாகவே என்னைக் கூப்பிடுகிறாள், சார்” என்று அம்மையார் சொன்னபோது, அருகில் இருந்த அவர் கணவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

கருவியைத் தேர்ந்தெடுத்தல்

நார்வேயிலிருந்து உறவினர் எவரேனும் அச்சு கொண்டுவந்தால், அதனை நம் நாட்டில் தயக்கமின்றிப் பயன்படுத்தலாம். இரு நாடுகளிலும் மின்னழுத்தம் 230 வோல்ட். அதிர்வெண் 50 ஹெர்ட்ஸ். செருகியின் வடிவம் மட்டுமே வேறு. நில இணைப்புடன் கூடிய தரமான மாற்றுச் செருகி ஒன்றை வாங்குவது இன்றியமையாதது. இதய வடிவ மின் அச்சுகளை இணையவழிக் கடைகளிலும் பெறலாம். எரிவாயு அடுப்பின் மேல் வைத்துத் திருப்பிச் சுடும் அச்சும் நன்கு பயன்படும். தடித்த பெல்ஜிய வகை அச்சிலும் இம்மாவை வார்க்கலாம். ஆயினும் மெல்லிய, மடிக்கத்தக்க வாஃபிள் அதில் கிடைக்காது.

வார்ப்பிரும்பு அச்சு வாய்த்தால், அது தேய்மானக் கணக்குக்கு இடமில்லாத சொத்து. பழகப் பழக மெருகேறும். தோசைக்கல்லைப் பேணுவது போலச் சோப்பிடாமல் துடைத்து, எண்ணெய் தடவி வைத்தால் தலைமுறைகள் கடந்தும் நிற்கும்.

தேவையான பொருள்கள்

(ஏறத்தாழ ஒன்பது வட்டங்களுக்கு, அதாவது 45 இதயங்களுக்கு)

மைதா – 250 கிராம்
முட்டை – 3
சர்க்கரை – 90 கிராம்
பால் – 300 மில்லி
சற்றே புளித்த தயிர் – 100 மில்லி
வெண்ணெய் – 100 கிராம்
பேக்கிங் பவுடர் – 1 தேக்கரண்டி
ஏலக்காய்ப் பொடி – 1 தேக்கரண்டி (10 முதல் 12 காய்களின் விதைகள்)
உப்பு – கால் தேக்கரண்டி

ஏலக்காயைப் பற்றி ஒரு சொல். இச்செடியின் தாயகம் நம் மேற்குத் தொடர்ச்சி மலை. கேரளத்தின் இடுக்கி மலைகளில் விளைந்து, போடிநாயக்கனூர் ஏல மையத்தில் விலை பேசப்படும் நறுமணப் பொருள், வடதுருவத்தை ஒட்டிய ஒரு நாட்டின் அன்றாடத் தின்பண்டத்திற்கு அடையாள மணமாக இருப்பது வியப்புக்குரியது. அங்கே பெரும்பாலோர் பொடியாகவே வாங்குகின்றனர். நமக்கோ பச்சைக் காய் எளிதில் கிடைக்கிறது. விதைகளைப் பிரித்து அப்போதே இடித்துச் சேர்த்தால் மணம் பன்மடங்கு சிறக்கும்.

செய்முறை

முதலில் வெண்ணெயை உருக்கி ஆறவிட வேண்டும். சூடாகச் சேர்த்தால் முட்டை திரிந்துவிடும். பாலும் தயிரும் அறையின் வெப்பநிலையில் இருத்தல் நன்று. குளிர்ப்பெட்டியிலிருந்து எடுத்த பாலை அப்படியே ஊற்றினால் உருகிய வெண்ணெய் மணிமணியாக உறைந்துவிடும்.

அகன்ற பாத்திரத்தில் முட்டையையும் சர்க்கரையையும் நுரைத்து வெளுக்கும்வரை அடித்துக்கொள்ளவும். மைதா, பேக்கிங் பவுடர், உப்பு, ஏலக்காய்ப் பொடி ஆகியவற்றை ஒன்றாகச் சலித்து வைக்கவும். இந்த மாவுக் கலவையையும் பால்–தயிர்க் கலவையையும் மாறி மாறிச் சிறிது சிறிதாகச் சேர்த்துக் கட்டியில்லாமல் கரைக்கவும். இறுதியில் வெண்ணெயைக் கலக்கவும். மாவு சீரானதும் நிறுத்திவிட வேண்டும்; மேலும் அடித்தால் வாஃபிள் இறுகிவிடும். தயிரின் புளிப்பு சுவை கூட்டுவதோடு, பேக்கிங் பவுடருடன் சேர்ந்து மாவு பொங்கவும் துணைசெய்கிறது.

கரைத்த மாவை மூடி, அரைமணி நேரம் வைத்திருக்கவும். இந்த இடைவெளியில் மைதா ஈரத்தை உறிஞ்சிப் பருக்கும்; மாவு சற்றுக் கெட்டியாகும். தோசை மாவைவிடச் சிறிது கெட்டியாகவும், கரண்டியிலிருந்து தடையின்றி வழியும் வகையிலும் இருந்தால் சரி. மிகவும் இறுகியிருந்தால் சிறிது பால் சேர்க்கலாம்.

அச்சை நன்கு சூடாக்கி, முதல் வாஃபிளுக்கு மட்டும் இரு தகடுகளிலும் வெண்ணெய் தடவவும். மாவிலேயே வெண்ணெய் இருப்பதால் அடுத்தடுத்தவற்றுக்குப் பெரும்பாலும் தேவைப்படாது. ஏறத்தாழ 100 மில்லி கொள்ளும் கரண்டியால் நடுவில் ஊற்றி மூடவும். மூடியை அழுத்த வேண்டாம். மாவு தானே ஓரம்வரை பரவும். முதலில் ஆவி மிகுதியாக வெளிவரும். அது நன்கு தணியும்வரை திறக்கக் கூடாது. முன்னரே திறந்தால் வாஃபிள் இரண்டாகப் பிளந்து, பாதி மேல்தகட்டிலும் பாதி கீழ்த்தகட்டிலும் ஒட்டிக்கொள்ளும். பெரும்பாலான மின் அச்சுகளில் மூன்று நிமிடம் போதும். எரிவாயு அச்சாயின் நடுத்தரத் தணலில் பக்கத்துக்கு இரண்டு நிமிடம். பொன்னிறமாக வெந்ததும் முள்கரண்டியால் மெல்ல எடுக்கவும்.

மொறுமொறுப்பை விரும்புவோர் கம்பித் தட்டில் பரப்பி ஆறவிடலாம். நார்வே மக்கள் மென்மையையே விரும்புவர். ஆகவே ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குவர். அடுக்கின் வெப்பத்தில் யாவும் இளகிப் பதமாகும். சுடச்சுட ஆவி எழும் கருவி ஆதலால் சிறுவர்கள் அருகில் இருக்கும்போது பெரியவர் ஒருவர் உடனிருத்தல் வேண்டும்.

முட்டை சேர்க்காதோருக்கு

மரபான செய்முறையில் முட்டை இன்றியமையாதது. எனினும் முட்டை உண்ணாத இல்லங்கள் நம்மிடையே பல. அவர்கள் முட்டையை நீக்கி, தயிரை 200 மில்லியாக உயர்த்தி, கால் தேக்கரண்டி சமையல் சோடாவையும் ஒரு மேசைக்கரண்டி சோளமாவையும் சேர்க்கலாம். மாவு மேலும் இறுகினால் பால் ஊற்றித் தளர்த்தவும். முட்டை வாஃபிளின் மீள்தன்மை இதில் சற்றுக் குறையும். மணமும் மென்மையும் குறையா. இதற்கு ஒவ்வொரு முறையும் அச்சில் வெண்ணெய் தடவுவது நலம்.

பரிமாறும் முறை

நார்வேயில் பெருவழக்காக உள்ளவை இரண்டு. ஒன்று, மெல்லியதாகச் சீவிய பழுப்புக் கட்டியை இளஞ்சூட்டு வாஃபிளின் மேல் வைத்து மடித்தல். மற்றொன்று, ஸ்ட்ராபெரி அல்லது ராஸ்பெரி ஜாமும் புளிப்புப் பாலேடும். புளிப்புப் பாலேட்டுக்கு மாற்றாக, துணியில் கட்டி நீர்வடித்த தயிருடன் சிறிது பாலேடு கலந்து கொள்ளலாம்.

பழுப்புக் கட்டியையும் வீட்டில் முயன்று பார்க்கலாம். பன்னீர் வடித்த நீர் இரண்டு லிட்டரை அகன்ற பாத்திரத்தில் மிதமான தீயில் சுண்டவைத்து, கூழ்ப்பதம் வரும்போது 100 மில்லி பாலேடு சேர்த்துக் கைவிடாமல் கிளறவும். பழுப்பேறித் திரண்டதும் இறக்கி, பாத்திரத்தைக் குளிர்நீரில் வைத்து ஆறும்வரை கிளறினால் நறநறப்பு வாராது. இரண்டு லிட்டருக்குக் கிடைப்பது சிறு கிண்ணம் அளவே. எலுமிச்சை பிழிந்து திரித்த பன்னீரின் நீராயின் புளிப்புச் சற்று மேலோங்கும். ஆகவே எலுமிச்சையைத் தேவைக்குமேல் சேர்க்க வேண்டாம்.

எஞ்சிய வாஃபிள்களைக் காற்றுப் புகாத பெட்டியில் இட்டு உறைபெட்டியில் வைத்தால் சில வாரங்கள் கெடாது. உண்ணும்முன் அச்சிலோ தோசைக்கல்லிலோ ஒரு நிமிடம் காட்டினால் போதும். மைதா, சர்க்கரை, வெண்ணெய் மூன்றும் சேர்ந்த பண்டம் ஆதலின், நீரிழிவு உள்ளவர்கள் ஓரிரு இதயங்களோடு நிறைவுகொள்வது நன்று.

நேரக் கணக்கு

கரைக்கப் பத்து நிமிடம், ஊறவிட அரைமணி, ஒன்பது வட்டங்களைச் சுட ஏறத்தாழ அரைமணி: மொத்தம் ஒரு மணி பத்து நிமிடம். வரவு செலவு பார்ப்போர்க்கு இது நீண்ட நேரமாகத் தோன்றலாம். ஆனால் வாஃபிள் ஒவ்வொன்றாகத்தான் வரும். அடுத்ததற்காக அனைவரும் மேசையைச் சுற்றிக் காத்திருக்கத்தான் வேண்டும். அந்தக் காத்திருப்பில்தான் பேச்சு பிறக்கிறது. நார்வே மக்கள் இதய வடிவத்தில் அதனைச் சுடுவதற்குக் காரணம் எதுவாயினும், அரைமணி நேரம் ஒரு குடும்பத்தை ஓரிடத்தில் இருத்திவைக்கும் ஆற்றல் அந்தச் சிறு அச்சுக்கு உண்டு. வரும் ஞாயிறு மாலையில் நீங்களும் முயன்று பாருங்கள். மாவை வார்ப்பவருக்கும் சூடாக ஒன்று எடுத்துவைக்க மறவாதீர்கள்.